கம்பி எப்போது விழ வேண்டும்

லிஸ்பன்

அன்பும் மதிப்பும் நிறைந்த அப்பாவுக்கு இல்டா எழுதுவது. நான் நலம். உங்கள் முழங்கால் வலி குறைந்ததா?

நான் எழுதிய குடும்ப நகைச்சுவைத் தொடரின் முதல் பகுதியை நேற்று பார்வையாளர்கள் முன்னால் டிவிக்காகப் படம்பிடித்தோம். கதையில், கல்யாணத்தன்று மணப்பெண்ணின் முக்காட்டை ஆடு தின்றுவிடுகிறது. அவளுடைய அப்பா ஜன்னல் திரையைக் கழற்றி அவள் தலையில் கோணலாகப் போட்டுவிட்டு, "உங்கம்மா இருந்திருந்தா நேரா வச்சிருப்பா" என்கிறார். அக்கா கல்யாணத்தில் நீங்கள் சொன்னதுதான்.

ஒத்திகையில் இயக்குநர் நூனு, "அழுமூஞ்சி வசனம் எதுக்கும்மா? திரைக்கம்பி அவர் தலைல விழட்டும்" என்றார்.

"விழட்டும் சார். ஆனா அவர் பேசி முடிச்சப்புறம் விழட்டும்" என்று பிடிவாதமாக நின்றேன்.

நேற்று மணப்பெண் தலையில் ஜன்னல் திரையைப் பார்த்து அரங்கமே வயிறு குலுங்கச் சிரித்தது. அந்த வசனம் வந்ததும் ஒரு இருமல்கூடக் கேட்கவில்லை. பிறகு கம்பி விழுந்தது. ஜனங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தார்கள்.

"நீ சொன்னதுதான் சரி. எங்க பிடிச்ச அந்த வசனத்தை?" என்று நூனு கேட்டார்.

"எங்கப்பாவோடது" என்றேன், எல்லாருக்கும் கேட்கும்படி.

நம் தீவுப் பாலாடைக்கட்டி கொஞ்சம் அனுப்புங்கள். இங்கே கிடைப்பதில் ருசியே இல்லை. ஞாயிற்றுக்கிழமை தொடர் வரும்போது எனக்குப் போன் போட்டுப் பக்கத்தில் வைத்துவிடுங்கள். பேச வேண்டாம், நீங்கள் சிரிப்பது கேட்டால் போதும்.

கூப்பிடுகிறார்கள், ஓடுகிறேன்.

உங்கள் இல்டா