முசரவாக்கம் செல்வி யார்?

14.8.1998, வெள்ளி

வரதன் சார் தொகுக்கும் காஞ்சிபுரத்துப் பெண் கவிஞர்கள் புத்தகத்தில் எனக்கு ரொம்பப் பிடித்தது முசரவாக்கம் செல்வியின் கவிதைதான். சம்மதக் கையெழுத்து வாங்க இன்று முசரவாக்கம் போனேன். அப்படி யாருமே அந்த ஊரில் இல்லையாம். திரும்பி வந்து சாரிடமே கேட்டேன்.

“ஊரை விட்டுப் போயிட்டாங்கம்மா,” என்றார், புரூஃபிலிருந்து தலையைத் தூக்காமல். தானே எழுதிப் பெண் பெயரில் சேர்த்துவிட்டாரோ என்று சந்தேகம் வந்தது.

காபி கொண்டுவந்த அவர் மனைவி மேசையில் செல்வியின் கவிதை இருந்த தாளைப் பார்த்துவிட்டு அப்படியே நின்றார்.

“மூணாவது வரிய ஏன் மாத்தினீங்க? நான் அப்படி எழுதலயே.”

சார் அந்தத் தாளை இழுத்துக் கவிழ்த்து வைத்தார். பெயரை மறைக்கச் சொன்னது அந்தம்மாவா, இவரா? நாளை சார் பள்ளிக்கூடத்துக் கொடியேற்றத்துக்குப் போனதும் அந்தம்மாவிடமே கேட்கப்போகிறேன். என்னிடமுள்ள புரூஃபில் செல்வி என்ற பெயரை இப்போதே கோடு போட்டு அடித்துவிட்டேன்.