நான் துடைத்த மழை

என் உயிர்த் தங்கச்சி சுபாவுக்கு,

நீ போய் எட்டு மாதம். உன் கணினி இப்போது என் மேசையில். பழைய கார்ட்டூன் படங்களைத் தேடிச் சுத்தமாக்கும் உன் வெளிநாட்டுக் கூட்டாளிகள் இன்னும் உனக்கு எழுதுகிறார்கள். தொலைந்த குட்டியைத் தேடி ஓடும் அந்த ஆட்டின் படத்தை அடுத்த மாதம் இணையத்தில் போடுகிறார்களாம்.

சுன்னாகத்தில் பழைய சாமான் கடையில் நீ கண்டெடுத்த ஏழு நிமிடப் படச்சுருள் அது. வேறு பிரதி எவரிடமும் இல்லை. கொழும்பில் கொடுத்து அதைக் கணினிக்கு மாற்றுவித்தாய். பள்ளிக்கூடத்தில் படிப்பித்துவிட்டு வந்து, ஒவ்வொரு படமாகக் கீறலும் தூசியும் துடைத்தாய். “உந்த ஆட்டை ஆர் பாக்கப்போகினம்?” என்று கேட்டிருக்கிறேன். நீ நிமிர்ந்துகூடப் பார்த்ததில்லை.

தெல்லிப்பழைப் புற்றுநோய் ஆஸ்பத்திரியில் உன்னைச் சேர்த்தபோது கடைசி இரண்டு நிமிடம் மிச்சமிருந்தது. “நீங்கள் செய்யுங்கோ, அண்ணை. அவசரப்படாமல் ஆறுதலாச் செய்யுங்கோ” என்றாய். உனக்கு அவ்வளவு நாள் இல்லையென்று டொக்டர் என்னிடம் சொல்லியிருந்தார். தானாகவே கீறல் நீக்கும் மென்பொருளில் போட்டு ஒரே மத்தியானத்தில் முடித்தேன். கணினியில் இடம் போதாமல், துடைக்காத பழைய கோப்பின் மேலேயே சேமித்தேன்.

கட்டிலில் சாய்த்து வைத்துக் காட்டினேன். கடைசிவரை பார்த்தாய்.

“மழை எங்கை, அண்ணை?”

“என்ன மழை?”

“இதிலை மழை பெய்யும்.”

தெளிந்த வானத்தின் கீழே ஆடு குடை பிடித்துக்கொண்டு ஓடியது. மழைக்கோடுகளையும் கீறலென்று எடுத்து அழித்திருக்கிறது அந்த மென்பொருள்.

“சுருள் கிடக்குத்தானே, திரும்ப எடுக்கலாம்” என்றேன்.

“ஓம்” என்றாய். மறுநாள் நீ இல்லை.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்தபின் சுருள் வைத்த டின்னைத் திறந்தேன். வினாகிரிபோலப் புளித்த மணம். சுருள் பழுதாகி, சுற்றோடு சுற்று ஒட்டிக் கட்டியாகிக் கிடந்தது. மாற்றித் தந்த கொழும்புக்காரரிடமும் உன் கூட்டாளிகளிடமும் பிரதி இல்லை. இது உனக்கு முன்பே தெரியுமா, சுபா? தெரிந்துகொண்டுதான் ஓம் என்றாயா?

மழையை நானே வரைந்து பார்த்தேன். அது என் மழை. அழித்துவிட்டேன்.

நான் அனுப்பிய கடைசிப் பகுதி கண்ணாடிபோல இருக்கிறதென்று உன்னைப் புகழ்ந்து எழுதியிருக்கிறார்கள். படத்தின் தொடக்கத்தில் உன் பெயர் மட்டும் வருகிறது. இன்றைக்கே அவர்களுக்கு எழுதுவேன்: அங்கே மழை பெய்தது, அதை அழித்தது நான், அந்த இரண்டு நிமிடத்துக்கு என் பெயரைப் போடுங்கள் என்று. அந்தப் பிழை உன் பெயரில் நிற்க விடமாட்டேன்.

அவசரப்பட்டுவிட்ட,
உன் அண்ணை