எனக்கு அளந்துவிட்ட அறைகள்

1859 மார்ச் 8

சாண்டி, நீ போய் ஐந்து வாரம். உன்னோடு பேசாமல் இருக்க முடியவில்லை, அதனால் எழுதுகிறேன். பிழையைப் பார்த்துச் சிரிக்காதே. மேப்பிள் மரங்களில் சாறு வடிக்க வாளி கட்டிவிட்டார்கள்.

காலையில் ஓரின் வந்தான். செத்துப்போன மூத்த தாரம் பெற்ற பிள்ளை என்றாலும் மூக்கு உன் மூக்கு. நீ உயில் எழுதாமல் போனதால் மூன்றில் ஒரு பங்குதான் எனக்காம், அதுவும் ஆயுள் வரைக்கும். மீதி அவனுக்கு. அடுத்த வாரம் கோர்ட்டு ஆட்கள் வந்து வீட்டையும் அதோடு ஒட்டிய நம் கடையையும் அளந்து பிரிப்பார்களாம்.

"கடைப்பக்கத்தை எனக்கு விட்டுடுப்பா," என்றேன்.

"கடையை வச்சு என்ன பண்ணப் போறீங்க சித்தி? காலை நீட்டி உக்காந்து காலுறை பின்னுங்க."

மார்ச் 11

நீ சட்டசபைக்குப் புறப்பட்ட முதல் ஜூன் நினைவுக்கு வருகிறது. சாவியை என் ஏப்ரன் பையில் போட்டு, "தர்சா, இனிமே கடைன்னா நீதான்" என்றாய். ஒன்பது வருஷம் அப்படித்தான் நடந்தது. திரும்பி வந்தால் நேரே வீட்டுக்குள் வரமாட்டாய். கோச்சு வண்டியிலிருந்து இறங்கி, கடையில் ஜனங்களோடு ஜனமாக நிற்பாய். உன் முறை வந்ததும், "அம்மா, நல்ல தேயிலை இருக்குங்களா?"

எத்தனை தடவை! ஒவ்வொரு தடவையும் எனக்கு முகம் சிவக்கும்.

மார்ச் 16

அளந்துவிட்டார்கள். கோர்ட்டு ஆட்களில் ஒருவரான சர்ச்சு டீக்கன் கோல்பிதான் பங்குப் பத்திரத்தை வாசித்தார். விதவைக்குச் சமையலறை, அதற்கு மேலுள்ள படுக்கையறை, மாடிப்படியில் ஏறி இறங்கும் உரிமை, கிணற்றில் தண்ணீர் எடுக்கும் உரிமை. கடை ஓரினுக்கு.

"நான் தேய்ச்சுக் கழுவின படியில ஏற எனக்கே உரிமை குடுக்கறீங்களாக்கும்?"

"கோவிச்சுக்காதம்மா. சட்டம் அப்படி. பாதி குடுக்கணும்னு நாலு வருஷம் முன்னாடி மசோதா வந்துச்சு. தோத்துப்போச்சு." பத்திரத்தை மடித்தார். "உங்க வீட்டுக்காரர் பெக்கும் எதிர்த்துத்தான் ஓட்டுப் போட்டாரு."

நீயா?

மார்ச் 17

இன்று எழுத ஒன்றுமில்லை.

மார்ச் 20

நீ மறைக்கவில்லை. எனக்குத்தான் மறந்துவிட்டது. அந்த வருஷம் ஊருக்கு வந்ததும் பீப்பாய் மேல் ஒரு கருவாட்டை நிறுத்தி, "கனம் சபாநாயகர் அவர்களே!" என்று அதைக் கும்பிட்டாய். "விதவைக்குப் பாதியைக் குடுத்தா, பெத்த பிள்ளைங்க தெருவிலயா நிக்கும்?" நான் விலா நோகச் சிரித்தேன். எந்த விதவை என்று எனக்கும் தோன்றவில்லையே.

கோபப்பட்டுப் பார்க்கிறேன். வரமாட்டேங்குது. அந்தக் கருவாட்டு மூஞ்சிதான் கண்ணு முன்னால நிக்குது.

ஏப்ரல் 19

ஓரின் கடை திறந்து பத்து நாள். காலையில் அடுத்த வீட்டு மெஹிட்டபெல் சேற்றை மிதித்துப் பின்பக்கமாகச் சுற்றிச் சமையலறைக் கதவுக்கு வந்தாள். "அக்கா, அவன் தேயிலைன்னு குடுத்ததை மோந்து பாருங்க. எங்க குதிரைகூடத் திங்காது!" பின்னாலேயே இன்னும் இரண்டு பேர்.

மத்தியானம் அவனே வந்தான். "சித்தி, பாஸ்டன் சரக்கு வந்திருக்கு. எந்தப் பெட்டி எதுன்னு புரியல. கொஞ்சம் வாங்களேன்."

"உன் கடைக்குள்ள வர எனக்கு உரிமை எழுதலையேப்பா."

காது வரை சிவந்துபோனான். "தினமும் வாங்க சித்தி. நான் கேக்கறேன்."

போனேன். என் கல்லாப் பலகைக்குப் பின்னால், அவன் கடையில், சாயங்காலம் வரை நின்றேன். நாளைக்கும் போவேன்.

உன்னைக் கெட்டவன் என்று நினைக்க என்னால் ஆகாது, சாண்டி. ஒன்று மட்டும் சொல். அந்த ஓட்டைப் போட்டபோது, மூத்தவள் போனமாதிரி நானும் உனக்கு முன்னாலேயே போய்விடுவேன் என்றா நினைத்திருந்தாய்?