நம் இருவருக்கு மட்டும் தெரிந்த பெயர்

பேட்டரி தேடி கேமரா பையைத் திறந்தேன். உள்ளே உன் ஹெட்போன். காதில் பொருந்தும் பஞ்சில் உன் நெல்லிக்காய்த் தைல வாசனை இன்னும் போகவில்லை. எண்ணெய்த் தலையோடு இதை மாட்டாதே என்று எத்தனை முறை திட்டியிருப்பேன்! இன்று அதையே முகர்ந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறேன். பார்த்தால் சிரிப்பாய்.

ஆவணப்படம் எடுக்கிறேன் என்றால் திருத்தணியில், "கல்யாண வீடியோவாங்க?" என்பார்கள். எதுவும் கேட்காமல் மைக்கோடு வந்து நின்றவன் நீ ஒருத்தன்தான்.

பள்ளிப்பட்டு நிருபரைப் பற்றி எடுத்தோமே, அந்தப் படத்தைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். அவர் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு கோப்பைக் கேட்டு அரசு அலுவலகத்துக்கு மனுப் போட்டார். கோப்பைக் காணவில்லை என்று பதில் வந்தது. அதைப் பத்திரிகையில் எழுதியதும் அவர் மீதே வழக்குப் பாய்ந்தது. கோப்பு அலமாரியில்தான் இருக்கிறது, காணோம் என்று எழுதச் சொன்னார்கள் என நம்மிடம் சொன்னவர், அந்த அலுவலகத்திலேயே வேலை பார்ப்பவர். கே.ஜி.கண்டிகை தாண்டி, ஓரமாக நிறுத்திய ஆட்டோவுக்குள் அவர் பேசப் பேச நீ பதிவு செய்தாய். முகம் வராது, குரலையும் மாற்றிவிடுவோம் என்று வாக்குக் கொடுத்தோம். அவர் ஆணா பெண்ணா என்பதை இந்த மடலில்கூட எழுதமாட்டேன்.

படம் வெளியானதும் நம்மை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டார்கள். யார் குரல், யார் குரல் என்று துருவித் துருவிக் கேட்டார்கள். நீதான் வாயைத் திறந்தாய். "சத்தம் புடிக்கறதுதான் சார் என் வேலை. மூஞ்சிய நான் எங்க பாக்கறேன்?" உன் மைக்கையும் ரெக்கார்டரையும் பிடுங்கி வைத்துக்கொண்டார்கள். பிழைப்பே அதில்தான் இருந்தது. அப்போதும் நீ சொல்லவில்லை.

அதற்குப் பிறகு பஸ் ஸ்டாண்டில் அந்த ஆட்டோவில் பேசியவர் எதிரே வந்தாலும் மூவரும் முன்பின் தெரியாதவர்கள் போலக் கடந்துவிடுவோம். அவர் போனதும் என் முழங்கையை இடிப்பாய். "நல்லாத்தான் கீறாங்க நைனா. வேலைக்குப் போய்க்கினுதான் கீறாங்க." அதைக் கேட்டால்தான் எனக்கு நிம்மதி.

நெஞ்சுவலி என்று ஆஸ்பத்திரிக்குப் போன நீ வீடு திரும்பவில்லை. சாவுக்கு ஊரே வந்தது. அவருக்கு மட்டும் நான் சொல்லி அனுப்ப முடியவில்லை. யாருமில்லாதவன் மாதிரி இருக்கிறதப்பா எனக்கு. ஏன் என்று வீட்டில் கேட்கிறார்கள். காரணத்தைச் சொல்லப்போனால் அந்தப் பெயரையும் சொல்ல வேண்டிவரும்.

நேற்று பஸ் ஸ்டாண்டில் நின்றிருந்தேன். பள்ளிப்பட்டு பஸ்ஸில் ஜன்னலோரம் அவர் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்தார். பிறகு என் பக்கத்தில், நீ வழக்கமாக நிற்கிற இடத்தைப் பார்த்தார். மறுபடி என்னைப் பார்த்தார். இத்தனை வருஷத்தில் அவர் அப்படிப் பார்த்ததே கிடையாது. நான் நம் வழக்கத்தை மீறிவிட்டேன். நீ இல்லை என்று மெல்லத் தலையை அசைத்தேன்.

சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். கண்டக்டர் டிக்கெட் கேட்டபோது, நிமிராமலே காசை நீட்டினார். உனக்காக அழுதாரா, தெரியாது. போய்க் கேட்கவும் முடியாது. பஸ் கிளம்பிப் போனது. இனி அவரைக் காட்டிக்கொடுக்காமல் இருக்க வேண்டியவன் நான் ஒருவன்தான்.