பெயர் வேண்டாம் என்றவளுக்கு

அன்புள்ள அக்கா,

நேற்று கல்லறைத் திருநாள். தேனியில் செவ்வந்தி வாங்கிக்கொண்டு ஊருக்குப் போனேன். உன் கல்லறையைக் கண்டுபிடிக்க முடியவில்லை.

கல் வேண்டாம், பெயர் வேண்டாம், வெறும் மண் போதும் என்று நீதானே சொன்னாய்? மழையில் மேடு கரைந்து புல் மூடிவிட்டது. நான் இடம் தெரியாமல் விழித்துக்கொண்டு நின்றபோது அத்தையும் சித்தியும் சண்டையைத் தொடங்கிவிட்டார்கள்.

"ஏத்தா, அவ இங்கன வேம்புக்குக் கீழல்ல கெடக்கா?" என்றார் அத்தை.

"கண்ணு அவிஞ்சு போச்சா மதினி? அங்கன, சுவரோரம். வெயிலு ஆகாதவள வெயில்ல வச்சுட்டமேன்னு அன்னைக்கே அழுதேன்."

"ஆமா, வெயிலு வந்தா புஸ்தகத்தோட திராட்சைப் பந்தலுக்குள்ள புகுந்துக்கிருவா. கூப்பிட்டா பிரெஞ்சுல வைவாளே, சிறுக்கி!"

"வைஞ்சாளோ, செபம் சொன்னாளோ, நமக்கென்ன தெரிஞ்சுச்சு!"

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். சித்தி மட்டும் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிரெஞ்சு நாவல்களையும் போர் நினைவுச்சின்னங்களையும் பற்றிய உன் புத்தகத்தில் நீ சொல்வது இதைத்தானே? கல்லை நட்டதும் நினைக்கும் வேலையைக் கல்லிடம் விட்டுவிடுகிறோம் என்று. நீ ஜெயித்துவிட்டதாகத்தான் தோன்றியது.

பிறகு கோயில் உபதேசியார் வந்து இடத்தைக் காட்டினார். வேம்படியும் இல்லை, சுவரோரமும் இல்லை.

"அடுத்த சாவுக்கு இந்தப் பக்கந்தான் தோண்டணும்னு பங்குச் சாமியாரு சொல்லிட்டாக. அடையாளம் இல்லாத எடத்தத்தான் தோண்டுவோம். ஒரு கல்லாவது வச்சிருங்கம்மா."

எனக்கு ஆன்மாவில் நம்பிக்கை கிடையாது. அப்புறம் உன் எலும்புமேல் இன்னொருவர் படுப்பதை ஏன் என்னால் ஏற்க முடியவில்லை?

இன்னொன்றும் குழப்புகிறது. பிரான்சில் உன்னோடு இருந்த அந்த ஒரு கோடையில் ஊர் ஊராக அழைத்துப்போனாய். ஒவ்வோர் ஊரின் நினைவுத்தூண் முன்னும் நின்று, போரில் செத்தவர்களின் பெயர்களை ஒன்றுவிடாமல் உரக்க வாசித்தாய். பஸ் போய்விடும் என்று நான் கையைப் பிடித்து இழுத்தும் நகரவில்லை. கல்லை நம்பாதவள் ஏன் வாசித்தாய்? அன்று கேட்கத் தோன்றவில்லை. புத்தகத்திலும் தேடிப் பார்த்தேன், பதில் இல்லை.

கல் வைக்கப்போகிறேன், அக்கா. பெயர் மட்டும்தான். பட்டம், வேதவசனம் எதுவும் இருக்காது. உன் சொல்லை மீறுகிறேனா, காப்பாற்றுகிறேனா, தெரியவில்லை. ஆனால் ஆண்டுதோறும் வந்து அந்தப் பெயரை உரக்க வாசிப்பேன், பக்கத்துக் கல்லறைகளின் பெயர்களையும் சேர்த்து. நாலு பேர் முன்னால் வாய் திறக்கவே கூசுகிறவள் நான் என்பது உனக்குத் தெரியும். இருந்தும் வாக்குக் கொடுக்கிறேன்.

கோபம் வந்தால் பிரெஞ்சிலேயே திட்டு. புரியாததுபோல் இருந்துகொள்கிறேன்.

கையைப் பிடித்து இழுத்த
உன் தங்கச்சி