சலம் போகுதோ?

ஒக்டோபர் 12, ஞாயிறு

விடிந்ததிலிருந்து மழை. அக்காவை வார்டில் சேர்த்தாயிற்று. மெஷினில் பாதி தைத்த தீபாவளி ஜாக்கெட்டுகள் அப்படியே கிடக்கின்றன. கிடக்கட்டும்.

காலில் புண். பல்லேகலயில் வேலை செய்யும் கன்டீனுக்குப் புதுச் செருப்புப் போட்டுக்கொண்டு போயிருக்கிறாள். அது கடித்து, கொப்புளம் உடைந்து, என்னிடம் மூச்சுவிடாமல் துணியைச் சுற்றிக்கொண்டு நடமாடியிருக்கிறாள். சீனி வருத்தக்காரி, நீரிழிவு உள்ளவள், செய்கிற வேலையா இது. காய்ச்சல் அடித்த பிறகுதான் துணியை அவிழ்க்கவிட்டாள். புண் பழுத்து மஞ்சளாகச் சலம் வடிகிறது. ஒரே வாடை. திட்டினேன். பிறகு த்ரீவீலுக்கு ஓடினேன்.

ஆஸ்பத்திரியில் கீறிக் கழுவிக் கட்டினார்கள். விரலை எடுக்க வேண்டியதில்லையாம். சிங்களத்தில் நர்ஸ் மிஸ் சொன்னதை நான் இரண்டு தடவை கேட்டு உறுதி செய்துகொண்டேன். அக்காவின் சிங்களம் கன்டீன் சிங்களம். சோறு, கறி, சில்லறை, அவ்வளவுதான் ஓடும்.

நாளைக்கு: சுடுதண்ணிப் போத்தல், போர்வை, பழைய சேலைத் துண்டு, சவர்க்காரம், அக்காவின் சாமிப்படம் (சின்னது). சரோஜா டீச்சருக்குப் போன் பண்ணி ஜாக்கெட் பிந்தும் என்று சொல்ல வேண்டும்.

ஒக்டோபர் 13, திங்கள்

காலையில் வெயில், மத்தியானம் திரும்ப மழை. குடை ஒன்று பஸ்ஸில் போயிற்று.

நல்ல சேதி. வார்டுக்குப் புதிதாக ஒரு தமிழ் டொக்டர் வந்திருக்கிறார். யாழ்ப்பாணத்துப் பையன், கண்ணாடி, மெல்லிய குரல். "எப்பிடி அம்மா இருக்கிறியள்?" என்று கேட்டதும் அக்காவுக்கு முகமெல்லாம் வெளிச்சம். எனக்கும்தான். இனிப் பயமில்லை, நம்ம பாஷையிலேயே எல்லாம் சொல்லலாம். மிஸ்மாருக்கும் நிம்மதி. தமிழ் நோயாளர் என்றால் இவரையே கைகாட்டிவிடுகிறார்கள்.

பக்கத்துக் கட்டிலில் வத்தேகமவிலிருந்து பௌசியா என்று ஒரு முஸ்லிம் பெண். அவருடைய தங்கச்சி போனில் "தாத்தா, தாத்தா" என்று கூப்பிடுகிறது. அவர்கள் அக்காவைத் தாத்தா என்பார்கள் என்று அக்காவுக்குத் தெரியாது. "பொம்பளையப் போயி தாத்தாங்குது பாருடி" என்று போர்வைக்குள் சிரித்தாள். மூன்று நாளைக்குப் பிறகு சிரிக்கிறாள். விளக்கிச் சொன்னேன்.

பிரச்சினை ஒன்று. அக்கா தண்ணீர் குடிக்க மறுக்கிறாள். கக்கூஸ் வார்டின் அந்தக் கோடியில். கட்டிலிலேயே பாத்திரம் வைக்கலாம் என்று மிஸ் சொன்னதற்குத் தலையைத் திருப்பிக்கொண்டாள். "இத்தன பேரு மத்தியிலயா? போடி." அந்த விஷயத்துக்கு வீட்டில்கூட அவள் வாயில் ஒரு வார்த்தை கிடையாது. "பின்னாடி போயிட்டு வர்றேன்" என்பாள். எங்கள் வீட்டில் பின்னாடி என்று ஒன்று இல்லாமல் போய் எத்தனையோ வருஷம்.

ஒக்டோபர் 14, செவ்வாய்

தூறல். கழுத்து வலி.

காலை ரவுண்டில் நானும் பக்கத்தில் இருந்தேன். டொக்டர் நிதானமாகக் கேட்டார்.

"சலம் போகுதோ அம்மா?"

"போகுதுங்க ஐயா. நேத்தவிட நல்லாவே போகுது."

"என்ன நிறம்?"

"மஞ்சளுங்க."

"எரிவு இருக்கோ?"

"கழுவுறப்ப கொஞ்சம் எரியுதுங்க."

"சரி. நல்லாத் தண்ணி குடியுங்கோ. சலம் போனால் பயமில்லை."

எழுதிக்கொண்டு போனார். புண்ணுக்கும் தண்ணீருக்கும் என்ன சம்பந்தமோ. கெட்டது வெளியே வரட்டும் என்கிறார் போலும். நியாயம்தானே. நம் ஆள் ஒருவர் இப்படிப் பொறுமையாகக் கேட்கிறாரே என்று பெருமையாக இருந்தது. வாசலில் பார்த்தபோது கும்பிடு போட்டேன். வெட்கப்பட்டுப் போய்விட்டார்.

மாலை. அக்காவுக்கு வயிறு ஊதினாற்போல் இருக்கிறதாம். "வாட்டுப் பருப்பு ஒத்துக்கல." இஞ்சித் தேத்தண்ணி கொடுத்தேன், இரண்டு மிடறு. கட்டில் விரிப்பு ஈரம். கேட்டால் தேத்தண்ணி கொட்டிவிட்டது என்கிறாள். கோப்பையில் தேத்தண்ணி குறையவில்லையே என்று நினைத்தேன். நினைத்ததோடு சரி, கேட்கவில்லை. அலுப்பு.

வீட்டுக்கு வந்து ஒரு ஜாக்கெட்டுக்கு இரண்டு கையும் வைத்துத் தைத்தேன். ஒன்று தலைகீழ். பிரித்தாயிற்று.

ஒக்டோபர் 15, புதன்

மழையா வெயிலா, நினைவில்லை.

காலையிலும் அதே கேள்வி, அதே பதில். "போகுதுங்க." அக்கா முகம் வெளுத்திருந்தது. வயிற்றில் கையை வைத்தபடியே இருந்தாள். கேட்டால் "ஒண்ணுமில்ல".

டொக்டர் அடுத்த கட்டிலுக்குப் போனார். பௌசியாவிடம் ஒரு சின்னப் போத்தலை நீட்டினார்.

"நாளைக்குக் காலமை முதல் போற சலத்தை இதில எடுத்துத் தாங்கோ."

"என்னத்த எடுக்கோணும் டொக்டர்?"

"சலம். யூரின்."

நான் தோடம்பழம் உரித்துக்கொண்டிருந்தேன். கை நின்றுவிட்டது. சலம், யூரின். பௌசியாவுக்குப் புண்ணே இல்லை, அவருக்குக் கல்லடைப்பு. அப்படியென்றால் நேற்றும் இன்றும் இந்த மனுஷன் எங்களிடம் கேட்டது எதை?

அக்காவின் காதில் கேட்டேன். "ஒண்ணுக்குப் போனியா?" கண்ணை மூடிக்கொண்டாள். "அக்கா, சொல்லு. எப்பப் போன?" கடைசியில் மெதுவாக, "சரியாப் போகலடி. நேத்துலருந்து சொட்டுச் சொட்டா, தானா வருது. துணியெல்லாம் நனையுது. யார்கிட்டடி சொல்றது." அழுதாள். அந்த ஈரம் தேத்தண்ணி இல்லை.

டொக்டர் பின்னால் ஓடினேன். செருப்பு ஒன்று கழன்று வார்டு நடுவில் கிடந்தது.

"ஐயா, எங்க ஊருப்பக்கம் சலம்னா சீழுங்க. புண்ணுல வருமே, அது. அக்கா சொன்னதெல்லாம் காலப் பத்தி. ஒண்ணுக்கு ரெண்டு நாளா சரியாப் போகல."

அவர் பாதி ஓட்டமாக வந்தார். திரைச்சேலையை இழுத்தார். அக்காவின் அடிவயிற்றைத் தொட்டதும் அவருக்கு வியர்த்துவிட்டது. "மிஸ்" என்று கூப்பிட்டு சிங்களத்தில் படபடவென்று ஏதோ சொன்னார். குழாய், பை, கையுறை. என்னை வெளியே போகச் சொன்னார்கள். திரைக்கு அந்தப் பக்கம் அக்கா "முருகா" என்றாள். பிறகு நீண்ட ஒரு மூச்சு.

பை நிறைந்து மாற்ற வேண்டியதாயிற்று. இவ்வளவையும் வயிற்றில் சுமந்துகொண்டு பருப்பைக் குறை சொல்லியிருக்கிறாள்.

சீனி வருத்தத்தில் நரம்பு மந்தமாகி மூத்திரப்பைக்குத் தான் நிரம்பியது தெரியாமல் போகுமாம், நிரம்பி வழிவதைத்தான் போகிறது என்று நினைப்பார்களாம், தேங்கியது மேலே போய்ச் சிறுநீரகத்தைக் கெடுக்குமாம். இரத்தம் எடுத்திருக்கிறார்கள். முடிவு நாளைக்கு.

சாமிக்கு விளக்கு வைத்தேன். என்ன கேட்பது என்று தெரியவில்லை. இதைக்கூட வாய்விட்டுக் கேட்க எனக்கும் கூச்சமாக இருந்தது.

ஒக்டோபர் 16, வியாழன்

மப்பு. மழை இல்லை.

இரத்த முடிவு: கிட்னி கொஞ்சம் பாதித்திருக்கிறது. அடைப்பு நீங்கியதால் அந்தக் கணக்கு இறங்க வேண்டும். "இறங்கும் எண்டுதான் நினைக்கிறன்." நினைக்கிறாராம்.

கோபம் கோபமாக வந்தது. ஓடையோரம் நின்ற மரத்தைப் பார்த்துக்கொண்டு வராந்தாவில் நின்றேன். அவரே தேடி வந்தார். சாப்பிடவில்லை போலிருக்கிறது, கையில் பொட்டலம்.

"மன்னிச்சுக்கொள்ளுங்கோ அக்கா. என்ர பிழை. எங்கட பக்கம் சலம் எண்டால் அதுதான். மற்றச் சொல்லை வெளியில சொன்னால் அம்மா வாயில அடிப்பா. மரியாதையாக் கேக்கோணும் எண்டுதான் அப்பிடிக் கேட்டனான்."

"அப்ப புண்ணுல வர்றத என்னன்னு சொல்லுவீங்க?"

"சிதல்."

"அப்பிடி ஒரு வார்த்தைய நான் கேட்டதே இல்லீங்க."

மரியாதைக்காகப் போட்ட சொல்லில் போய் அக்கா மாட்டிக்கொண்டாள். வெடுக்கென்று கேட்டிருந்தால் தப்பியிருப்பாள். ஆனால் வெடுக்கென்று கேட்டிருந்தால் நான்தான் முதல் ஆளாகச் சண்டைக்குப் போயிருப்பேன். யாரைத் திட்டுவது?

"இனி உங்கட ஆக்களிட்ட எப்பிடிக் கேக்கிறது?"

"ஒண்ணுக்குப் போச்சான்னு கேளுங்க."

"அது சின்னப் பிள்ளையளிட்டக் கேக்கிற மாதிரி இருக்கே அக்கா."

"பரவாயில்லைங்க. எங்க வயசுல அப்பிடிக் கேக்க ஆளில்ல."

சிரித்தார். எனக்கும் கோபம் பாதி இறங்கியது. பொட்டலத்தைப் பிரித்துச் சாப்பிடுங்க என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அக்காவிடம்தான் வாங்கிக் கட்டிக்கொண்டேன். "ஒரு ஆம்பளப் புள்ளகிட்டப் போயி, வாட்டே கேக்குற மாதிரிக் கத்துறியா? நா எப்பிடி முகத்தக் காட்டுறது?" செத்துப்போயிருந்தால் முகத்தைப் பெட்டியில் காட்டியிருப்பாய் என்றேன். சொல்லியிருக்கக் கூடாது. அவள் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள். பையைச் சேலைத்துண்டால் மூடிவிட்டுப் போகச் சொன்னாள். மூடினேன்.

ஒக்டோபர் 17, வெள்ளி

வெயில். துணி காய்ந்தது.

பஸ்ஸில் இதே யோசனை. ஒரு காரியத்துக்கு எத்தனை சொல். சுகாதாரப் புத்தகத்தில் சிறுநீர். சுவரில் 'இங்கு கழிக்காதீர்', எதை என்று எழுதக்கூட அவர்களுக்கும் கூச்சம். சண்டையில் மூத்திரம். எங்கள் வீட்டில் ஒண்ணுக்கு. மிஸ் பிள்ளைகளிடம் கேட்பது சூ. டொக்டர்கள் தங்களுக்குள் யூரின். இத்தனையிலும் ஒன்றுகூட என் அக்காவின் வாய்க்கு வரவில்லை.

சரோஜா டீச்சர் போன். "ஜாக்கெட் என்ன ஆச்சு செல்வி?" அக்காவுக்குச் சுகமில்லை என்றேன். "என்ன வருத்தம்?" "கால்ல புண்ணு டீச்சர்." பார், எனக்கும் வரவில்லை.

கிட்னிக் கணக்கு இறங்குகிறது. டொக்டர் தாளைக் காட்டி விரலால் கீழே கீழே என்று காட்டினார். நாளைக்குக் குழாயைக் கழற்றிப் பார்ப்பார்களாம். தானாகப் போனால் வீட்டுக்கு. போகாவிட்டால் குழாய், பை எல்லாவற்றோடும் வீட்டுக்கு. எத்தனை மாதம் என்று சொல்ல முடியாது.

அக்கா இன்று முதல் முறையாக என் கையைப் பிடித்துக்கொண்டாள். "பையத் தொங்கவிட்டுக்கிட்டு நா எப்பிடிடி கன்டீனுல சோறு போடுறது? யாரு வாங்கித் திம்பா?" நான் பெரிய பை தைத்துத் தருகிறேன், பூப்போட்டது, யாருக்கும் தெரியாது என்றேன். "கிறுக்கி" என்றாள். ஆனால் கண்ணில் பயம். எனக்கும் பயம். அந்த வேலைதான் அவளுக்கு வெளியுலகம்.

ஒக்டோபர் 18, சனி

தூறல். வார்டு வராந்தாவில் இருந்து எழுதுகிறேன்.

காலையில் குழாயைக் கழற்றினார்கள். டொக்டர் கட்டிலுக்குப் பக்கத்தில் குனிந்து, யாருக்கும் கேட்காமல், "அம்மா, ஒண்ணுக்கு வந்தால் அடக்கக் கூடாது, என்ன?" என்றார். அந்த 'ஒண்ணுக்கு' அவர் வாயில் கோணலாகத்தான் வந்தது. அக்கா தலையாட்டினாள்.

தண்ணீர், தேத்தண்ணி, இளநீர். மறுக்காமல் குடித்தாள். மத்தியானம் ஒரு தரம் போனோம். ஒன்றுமில்லை. திரும்பி நடக்கும்போது கால் வலியில் என் தோளில் தொங்கினாள். பௌசியா கட்டிலில் இருந்தபடியே கையேந்தித் துஆ கேட்டார். மிஸ் வந்து வயிற்றைத் தொட்டுப் பார்த்து, இன்னொரு தரம் பார்க்கலாம், இல்லையென்றால் திரும்பக் குழாய்தான் என்றார்.

மூன்று மணிக்குப் பிறகு அக்காவே "வாடி" என்றாள். உள்ளே உட்கார வைத்தேன். நான் நின்றால் அவளுக்கு வராது. "வெளியில நில்லு. ஆனா போயிராத." கதவைச் சாத்தி வெளியே நின்றேன். தண்ணீர்ச் சத்தம் கேட்டால் வரும் என்று யாரோ சொன்னதை நம்பி, கை கழுவும் குழாயைத் திறந்துவிட்டேன். நேரம் போனது. ஒரு பெண் வாளியோடு வந்தாள், கையால் சாடை காட்டித் திருப்பி அனுப்பினேன். கதவில் தலையைச் சாய்த்துக்கொண்டேன். வரட்டும், வரட்டும், வேறு ஒன்றும் வேண்டாம்.

"செல்வி."

"என்னக்கா?"

"அந்தக் கொழாய மூடு."

மூடினேன்.

"சத்தம் கேக்குதாடி?"

"கேக்குதுக்கா," என்றேன். "நல்லாக் கேக்குது."