பேட்டரிக்குச் சுற்றிய வைக்கோல்

வியாழக்கிழமை, இரவு

வண்டிக்கு இன்று இன்சூரன்ஸ் கிடைத்துவிட்டது. ஆனாலும் தூக்கம் வரவில்லை.

பழைய டீசல் பிக்கப்பின் எஞ்சினைக் கழற்றிவிட்டு மோட்டாரும் பேட்டரியும் வைத்த வண்டி. பார்த்ததுமே இரண்டு ஏஜெண்டுகள் கைவிரித்தார்கள். மூன்றாமவர் இரண்டு மடங்கு கேட்டார். இன்று வந்த ஸ்டெல்லா அக்கா மட்டும்தான் ஆர்.சி. புத்தகத்தை முழுக்கப் படித்தார்.

"எலெக்ட்ரிக்னு மாத்திப் பதிஞ்சிதான இருக்குது? வழக்கமான ரேட்டுதாங்க வரும்."

பிறகு போட்டோ எடுக்க சீட்டைத் தூக்கச் சொன்னார். பேட்டரிப் பெட்டியைச் சுற்றி வைக்கோல். நான்தான் திணித்தேன். நான் வேலை பார்க்கும் பட்டறையில் பீங்கான் ஃபியூஸ்களை அப்படித்தானே அடுக்குகிறோம்.

"யாருங்க இத வச்சது?"

"மேடு பள்ளத்துல குலுங்கி ஒடைஞ்சிடக் கூடாதுன்னு நான்தாங்கக்கா..."

அவர் திட்டவில்லை. முடியாது என்று எழுதிவிட்டுப் போயிருக்கலாம். போனைப் பையில் போட்டார், சேலையை இழுத்துச் செருகினார்.

"மொதல்ல எல்லாத்தையும் வெளிய எடுங்க. போட்டோ அப்புறம்."

அவரும் என்னோடு குனிந்து அள்ளினார். பிறகு நான் கூப்பிட்ட மெக்கானிக் வந்து பெட்டியை இறுக்கி, ஒயர்களைச் சரிபார்க்கும் வரை காத்திருந்துதான் படம் எடுத்தார்.

பெட்டிக்கு அடியிலிருந்து வந்த கடைசிப் பிடி வைக்கோல் கருகியிருந்தது.

பாப்பாவைத் தினமும் ஸ்கூலுக்கு அந்த சீட்டில் உட்காரவைத்துத்தான் கூட்டிப்போகிறேன்.

பாலிசியைப் பத்திரமாகப் பீரோவில் வைத்தேன். அக்காவுக்கு நன்றி சொன்னேனா என்பதுதான் நினைவில்லை.